ரெண்டாவதா வரும் பேரு: டி.ஏ.மதுரம்

மீஞ்சூர்ல காலையில பீச் போற லோக்கல் ஏறினவங்களுக்கு இந்த ரூட் மனப்பாடம். நந்தியம்பாக்கம், அத்திப்பட்டு, எண்ணூர், திருவொற்றியூர், தண்டையார்பேட்டை, கொருக்குப்பேட்டை, ராயபுரம், கடைசியா பீச். இறங்கி பாரிஸ் கார்னர் பக்கம் நடந்தா சிவப்பா ஹைகோர்ட் நிக்கும். அதைத் தாண்டி உள்ளே போனா பிராட்வே, இப்போ பேரு பிரகாசம் சாலை. ப்ராஜெக்டுக்கு பார்ட்ஸ் வாங்க ரிச்சி ஸ்ட்ரீட் போறவங்க, பாரிஸ்ல பழைய புத்தகம் தேடுறவங்கன்னு நம்ம காலேஜ்ல பாதிப் பேரு இந்த ஏரியாவைச் சுத்தியிருப்போம்.

1945ல இந்த ரெண்டு இடத்திலயும் ஒரே நேரத்தில ஒரு விஷயம் நடந்தது. பிராட்வே தியேட்டர்ல 'ஹரிதாஸ்' படம் ஹவுஸ்ஃபுல்லா ஓடிட்டு இருந்தது. அதில ஒரு காமெடி ஜோடியைப் பார்த்து ஜனங்க விழுந்து விழுந்து சிரிச்சாங்க. நடந்து போற தூரத்தில இருக்கிற ஹைகோர்ட்ல அந்த ஜோடியில ஒருத்தர் கொலை வழக்கில கைதியா நின்னார். அவர் என்.எஸ்.கிருஷ்ணன். ஜோடியில இன்னொருத்தர் வெளியே இருந்தார். அவர்தான் டி.ஏ.மதுரம்.

என்.எஸ்.கே.யைப் பத்தி எழுத ஆளு நிறைய இருக்காங்க. ஜி.என்.செட்டி சாலையில சிலை இருக்கு, வாலாஜா சாலையில கலைவாணர் அரங்கம் இருக்கு. அதனால இந்த இதழ்ல நாம மதுரத்தைப் பத்திப் பேசலாம்.

ஸ்ரீரங்கத்துப் பொண்ணு

மதுரம் பிறந்தது 1918ல், திருச்சி ஸ்ரீரங்கத்தில். பாட்டும் நடிப்பும் தெரிந்த பெண்கள் சினிமாவுக்கு வரத் தொடங்கிய காலம் அது. தமிழ் பேசும் படமே 1931ல்தான் வந்தது. 1935ல் வந்த 'ரத்னாவளி'யில் மதுரம் திரைக்கு வந்தார். அப்போ வயசு 17. நம்ம ஃபர்ஸ்ட் இயர் வயசுன்னு வெச்சுக்கோங்க.

அடுத்த வருஷம் 'வசந்தசேனா'. ராஜா சாண்டோ டைரக்ட் பண்ணின படம். இதில்தான் நாகர்கோவில் ஒழுகினசேரியிலிருந்து நாடகக் கம்பெனி வழியா வந்த என்.எஸ்.கிருஷ்ணனோடு அவர் முதன்முதலாகச் சேர்ந்து நடித்தார். ஷூட்டிங் புனேயில். பட கம்பெனியிலிருந்து பணம் வராமல் குழு சாப்பாட்டுக்கே திண்டாடியது, கிருஷ்ணன் மதுரத்திடம் கைமாத்து வாங்கி எல்லாருக்கும் சோறு போட்டார் என்று ஒரு கதை சொல்வாங்க. இந்தக் கதையை எல்லாரும் என்.எஸ்.கே.யோட தாராள குணத்துக்கு உதாரணமாகத்தான் சொல்றாங்க. ஆனா கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க, அது யாரோட காசு?

புனேயில் ஆரம்பித்த பழக்கம் கல்யாணத்தில் முடிந்தது. கிருஷ்ணனுக்கு ஊரில் ஏற்கெனவே நாகம்மை என்ற மனைவி இருந்தார். இது மதுரத்துக்குப் பிறகுதான் தெரிய வந்தது என்றும், பெரிய சண்டை ஆனது என்றும் சொல்வார்கள். பிற்காலத்தில் மதுரத்தின் தங்கை வேம்புவையும் கிருஷ்ணன் மணந்தார். மதுரத்துக்குப் பிறந்த குழந்தை தங்கவில்லை. திரையில் புருஷனை வாய்க்கு வாய் மடக்கும் பெண்ணாக வந்தவரின் வீட்டு வாழ்க்கை இப்படித்தான் இருந்தது. இதை மறைச்சு ஒரு காதல் கதையா எழுதறது ஈஸி. அது அவருக்குச் செய்யற மரியாதையா இருக்காதுன்னு தோணுது.

படத்துக்குள்ள ஒரு குட்டிப் படம்

அந்தக் காலக் காமெடி எப்படி வேலை செய்தது என்று தெரிந்தால்தான் மதுரத்தின் இடம் புரியும்.

இப்போ ஒரு படத்துக்கு ஒரே டைரக்டர், ஒரே ஸ்கிரிப்ட். காமெடியன் அந்தக் கதைக்குள்ளேயே ஹீரோவின் நண்பனாக வருவார். 1930களின் கடைசியிலும் 40களிலும் என்.எஸ்.கே. செய்தது வேற மாடல். அவருக்குத் தனி டீம் இருந்தது. புளிமூட்டை ராமசாமி மாதிரி நடிகர்கள், பாட்டு எழுத உடுமலை நாராயணகவி. காமெடிப் பகுதியை இந்த டீமே யோசிக்கும், எழுதும், நடிக்கும், எடுத்தும் கொடுக்கும். பட முதலாளி அதை வாங்கிப் பெரிய கதைக்கு நடுவில் அங்கங்கே சேர்த்துக்கொள்வார். மெயின் கதை புராணமாக இருக்கும், ராஜா கதையாக இருக்கும். நடுவில் திடீரென்று இவங்க ரெண்டு பேரும் வந்து பத்து நிமிஷம் நம்ம ஊர்ப் பேச்சு பேசிட்டுப் போவாங்க. நம்ம பாஷையில சொன்னா, பெரிய ப்ரோக்ராமுக்குள்ள தனியா எழுதி டெஸ்ட் பண்ணிச் செருகின மாட்யூல்.

இந்த மாட்யூல்ல நிரந்தரமா இருந்தவர் மதுரம். 'அம்பிகாபதி', 'உத்தம புத்திரன்', 'ஆர்யமாலா', 'கண்ணகி', 'மனோன்மணி', 'சிவகவி', 'மங்கம்மா சபதம்', 'ஹரிதாஸ்' என்று பட்டியல் நீளும். ஹீரோ பாகவதராக இருந்தாலும் சரி, சின்னப்பாவாக இருந்தாலும் சரி, காமெடி என்றால் கிருஷ்ணன்-மதுரம். போஸ்டரில் இவர்கள் பேரைப் போடாமல் படத்தை விற்பது கஷ்டம் என்ற நிலைமை வந்தது.

அவருக்குக் கிடைத்தது எல்லாமே சின்ன ரோல்தான். பால்காரி, வேலைக்காரி, பக்கத்து வீட்டுப் பெண், சண்டைக்காரப் பொண்டாட்டி என்று அந்தக் காமெடிக் கதைக்கு என்ன வேணுமோ அது. கதாநாயகி மாதிரி அழுது அழுது பாட வேண்டியதில்லை. ஆனா ஒண்ணு கவனிங்க. என்.எஸ்.கே. ஜோக் அடிக்கிறவர் மட்டும் இல்ல, கருத்து சொல்றவர். மூடநம்பிக்கை, குடி, சாதி, விஞ்ஞானம் எல்லாத்தையும் பத்திப் பேசுவார். கருத்து சொல்ற காமெடி போரடிக்க ரொம்ப நேரம் ஆகாது. அதைக் காப்பாத்தறது எதிர்ல நிக்கிற ஆளு. அவர் ஒண்ணு சொன்னா மதுரம் ஏன்னு கேட்பார், நொடிப்பார், நம்பாத மாதிரி முகத்தை வெச்சுக்குவார், சில நேரம் அவரையே மடக்கிடுவார். நமக்கு அந்த இடத்தில என்ன சந்தேகம் வருமோ அதை மதுரம் முன்னாடியே கேட்டுடுவார். அதனாலதான் என்.எஸ்.கே. சொல்றது லெக்சர் மாதிரி இல்லாம வீட்டுத் திண்ணைப் பேச்சு மாதிரி கேட்குது. அவங்க பழைய காட்சி ஏதாவது ஒண்ணை எடுத்து, அவர் பேசும்போது அவரைப் பார்க்காம மதுரம் முகத்தை மட்டும் பாருங்க. சிரிப்பு எங்க பிறக்குதுன்னு தெரியும்.

அந்தக் காலத்தில் இன்னொரு பெரிய காமெடி ஜோடியும் இருந்தது. காளி என்.ரத்தினம், சி.டி.ராஜகாந்தம். 'சபாபதி' பார்த்தவர்களுக்கு ஞாபகம் இருக்கும். பிறகு தங்கவேலு-சரோஜா வந்தார்கள், டி.பி.முத்துலட்சுமி வந்தார், மனோரமா வந்தார். சிரிக்க வைப்பதும் ஒரு பெண் செய்யக்கூடிய வேலைதான் என்று தமிழ் சினிமா பழகிக்கொண்டதில் மதுரத்துக்குப் பெரிய பங்கு உண்டு.

1944 நவம்பர்

1944 தீபாவளிக்கு 'ஹரிதாஸ்' வந்தது. மூணு தீபாவளி பார்த்த படம் என்று இன்றைக்கும் சொல்கிறோமே, அதேதான். 1946 வரைக்கும் பிராட்வே தியேட்டரை விட்டு இறங்கவில்லை.

படம் வந்த சில வாரத்தில், நவம்பர் 8ஆம் தேதி, வேப்பேரியில் ரிக்‌ஷாவில் போய்க்கொண்டிருந்த லட்சுமிகாந்தன் என்பவரைக் கத்தியால் குத்தினார்கள். மறுநாள் அவர் பெரிய ஆஸ்பத்திரியில் இறந்துபோனார். 'சினிமா தூது', 'இந்து நேசன்' என்ற பத்திரிகைகளை நடத்தியவர் அவர். சினிமாக்காரர்களின் அந்தரங்கம்தான் அவருக்குச் சரக்கு. அதனால் சந்தேகம் சினிமாக்காரர்கள் பக்கம் திரும்பியது. டிசம்பர் மாதக் கடைசியில் தியாகராஜ பாகவதரும் என்.எஸ்.கிருஷ்ணனும் கைதானார்கள். டைரக்டர் ஸ்ரீராமுலு நாயுடுவும் கைதாகி, பிறகு விடுதலையானார்.

சென்னை ஹைகோர்ட்டில் ஜூரி முன்னால் விசாரணை நடந்தது. ஒன்பது ஜூரிகளில் ஆறு பேர் குற்றவாளி என்றார்கள். 1945 மே 3ஆம் தேதி பாகவதருக்கும் கிருஷ்ணனுக்கும் ஆயுள் தண்டனை. ஹைகோர்ட்டிலேயே செய்த அப்பீலும் அந்த வருஷமே தள்ளுபடி ஆனது.

இப்போ 27 வயசு மதுரத்தோட நிலைமையை யோசிங்க. பத்து வருஷமா நடிச்சது எல்லாம் ஒரு ஜோடியில பாதியா. மத்த பாதி ஜெயில்ல. படம் குறைஞ்சுபோச்சு. கிருஷ்ணன் சம்பாதிச்சதைச் சேர்த்து வெச்சவர் இல்ல. கேட்டவங்களுக்கெல்லாம் கொடுத்தவர்னு பேரு வாங்கினவர். கொடுத்துக்கிட்டே இருந்த வீட்டில் வருமானம் நின்னா என்ன ஆகும்? அவரை நம்பி ஒரு நாடகக் குழு வேற இருந்தது. நடிகர்கள், பாட்டுக்காரர்கள், திரை இழுக்கறவர்கள், அவங்க குடும்பம். எல்லாத்துக்கும் மேல கேஸ். இந்தியாவில் கதவு எல்லாம் மூடியாச்சு. அடுத்த படி லண்டன் பிரிவி கவுன்சில்தான். அங்கே வக்கீல் வைக்க எவ்வளவு ஆகும்னு கேட்கவே பயமா இருந்திருக்கும்.

மதுரம் முதலாளி ஆனது

அவர் ஒதுங்கி உட்காரவில்லை. என்.எஸ்.கே. நாடக சபாவை எடுத்து நடத்தினார். எஸ்.வி.சகஸ்ரநாமம் கூட நின்றார். டி.கே.எஸ். சகோதரர்கள் கம்பெனியில் வளர்ந்த கை அவர். நாடகம் எழுதவும் தெரியும், ஆளுங்களை வைத்து வேலை வாங்கவும் தெரியும்.

எல்லாம் ஸ்மூத்தாகப் போகவில்லை. குழுவில் பெரிய நடிகர் கே.ஆர்.ராமசாமி. என்.எஸ்.கே. மீது உயிரையே வைத்திருந்தவர். ஆனால் குழு நடத்துவதில் கருத்து வேறுபாடு வந்து, அவர் பிரிந்துபோய் கிருஷ்ணன் நாடக சபா என்று தனியாகத் தொடங்கினார். அண்ணாவின் 'வேலைக்காரி' நாடகம் மேடை ஏறியது அந்தக் குழுவில்தான். தமிழ் நாடகத்துக்கு அது லாபம். மதுரத்துக்கோ, இருந்த கொஞ்சம் பலத்திலும் பாதி போன மாதிரி. ஒரே மனுஷன் மேல பாசம் வெச்சவங்களே ரெண்டு குழுவா நிக்கறதை அவர் பார்க்க வேண்டியிருந்தது.

மிச்சம் இருந்தவர்களை வைத்து ஊர் ஊராக நாடகம் போட்டார்கள். சகஸ்ரநாமத்தின் 'பைத்தியக்காரன்' நல்ல பேர் வாங்கியது. அதையே படமாக எடுக்கலாம், வருகிற பணம் கேஸுக்கு ஆகும் என்று முடிவானது. என்.எஸ்.கே. பேரில் உள்ள கம்பெனியே தயாரித்தது. டைரக்‌ஷன் கிருஷ்ணன்-பஞ்சு. நடித்தது சகஸ்ரநாமம், மதுரம். அப்போது வளர்ந்துகொண்டிருந்த எம்.ஜி.ஆருக்கும் அதில் ஒரு வேடம். கணவன் ஜெயிலில் இருக்க, அவரை வெளியே கொண்டுவரப் பணம் வேண்டி ஒரு காமெடி நடிகை கேமரா முன்னால் நிற்கிறார். வழக்கமா எதிர்ல நின்னு பதில் சொல்ற ஆளு இல்ல.

இதையெல்லாம் நாம சுலபமா பத்தினிக் கதை ஆக்கிடலாம். சாவித்திரி, கண்ணகின்னு. 'கண்ணகி' படத்திலேயே மதுரம் நடிச்சிருக்கார்ங்கறதால உவமை ரெடியாவும் இருக்கு. ஆனா அவர் செஞ்சது சாபம் இல்ல, அற்புதமும் இல்ல. தினசரி வேலை. ஆளுங்களுக்குச் சம்பளம் போடறது, அடுத்த ஊர்ல கொட்டகை பேசறது, கோவிச்சுக்கிட்டுப் போனவங்களைச் சமாளிக்கறது, ராத்திரி மேடை ஏறிச் சிரிக்க வைக்கறது. இதை ரெண்டு வருஷத்துக்கு மேல விடாம செஞ்சார்.

பிரிவி கவுன்சில் வழக்கை மறுபடி விசாரிக்கச் சொல்லித் திருப்பி அனுப்பியது. இந்த முறை ஹைகோர்ட்டில் வாதாடியவர் வி.எல்.எத்திராஜ். எத்திராஜ் காலேஜ் அவர் தொடங்கியதுதான். 1947 ஏப்ரல் 25ஆம் தேதி பாகவதரும் கிருஷ்ணனும் விடுதலை ஆனார்கள்.

'பைத்தியக்காரன்' அப்போது தயாரிப்பில் இருந்தது. வெளியே வந்த என்.எஸ்.கே.க்காகவே புதுசாகக் காட்சிகள் சேர்த்தார்கள். அந்த செப்டம்பரில் படம் வந்தது. அவரைக் காப்பாற்ற எடுத்த படத்தில் அவரே வந்து நடித்துவிட்டுப் போனார். இதை சினிமாவில் வைத்தால் லாஜிக் இல்லைன்னு நாமளே ரிவ்யூ எழுதுவோம்.

திரும்பவும் ஜோடி

ஜெயிலிலிருந்து வந்த பிறகு பாகவதரால் பழைய இடத்தைப் பிடிக்க முடியவில்லை. படங்கள் ஓடவில்லை, உடம்பும் கெட்டது, 1959ல் போய்ச் சேர்ந்தார். ஆனால் என்.எஸ்.கே. மறுபடி நிமிர்ந்தார். 1948ல் ஜெமினியின் பிரம்மாண்டமான 'சந்திரலேகா'வில் ஜோடியாக வந்தார்கள். 1949ல் அண்ணா எழுதிய 'நல்லதம்பி'. 1951ல் என்.எஸ்.கே. டைரக்ட் பண்ணிய 'மணமகள்', 1952ல் 'பணம்'. ரெண்டுக்கும் வசனம் மு.கருணாநிதி. 1956ல் 'மதுரை வீரன்'. பல படங்களில் மதுரம் உண்டு.

ரெண்டு பேரும் ஒரே கேஸில் உள்ளே போய் ஒரே நாளில் வெளியே வந்தவர்கள். ஒருத்தர் விழுந்தார், ஒருத்தர் எழுந்தார். காரணம் நிறைய இருக்கும். பாகவதர் பாணிப் படங்களுக்கே அப்போது காலம் மாறிவிட்டது. ஆனா ஒண்ணு நிச்சயம். என்.எஸ்.கே. வெளியே வந்தபோது அவருக்காக ஒரு டீம் இருந்தது, கம்பெனி இருந்தது, பாதி எடுத்த படம் இருந்தது, எதிரில் நின்று பதில் சொல்ல ஆள் இருந்தது. வெளியே வந்தவர் பூஜ்யத்திலிருந்து ஆரம்பிக்க வேண்டி வரல. அதை விடாம பிடிச்சு வெச்சிருந்தது யாருன்னு மேல படிச்சிட்டீங்க.

1957 ஆகஸ்ட் 30ஆம் தேதி என்.எஸ்.கே. இறந்தார். வயசு 48தான். கொடுத்துக் கொடுத்துக் கையில் எதுவும் மிச்சம் இல்லாத நிலையில் போனார் என்பது ஊரறிந்த கதை. ஏற்கெனவே எடுத்து வைத்த காட்சிகளோடு அவர் படங்கள் அதற்கப்புறமும் வந்தன. ஜனங்கள் தியேட்டரில் அவரைப் பார்த்துச் சிரித்தார்கள். ஒரு தடவை அவர் ஜெயிலில் இருக்கும்போது இது நடந்தது. இப்போது அவரே இல்லாதபோது மறுபடியும். ரெண்டு தடவையும் மிச்ச வாழ்க்கையைச் சமாளிக்க வேண்டியவராக மதுரம் இருந்தார். முதல் தடவை போராடினால் திரும்பக் கிடைப்பார் என்ற நம்பிக்கை இருந்தது.

அதற்குப் பிறகு அவர் திரையில் பழைய மாதிரி வலம் வரவில்லை. 1974ல் காலமானார். 56 வயசு.

நாகர்கோவிலில் என்.எஸ்.கே. கட்டிய வீட்டுக்கு அவர் வைத்த பேர் 'மதுர பவனம்'. அவர் மனசில் அந்தப் பேருக்கு எந்த இடம் என்று அதிலேயே தெரிகிறது.

நமக்கும் ப்ராஜெக்ட் ரிவ்யூ வரும். பிபிடியில முதல் பேரு ஒருத்தரோடது, அவர்தான் பேசுவார், கை தட்டலும் அவருக்கு. ரெண்டாவது பேரோட ஆளு ராத்திரி பூரா கோட் திருத்தி, சர்க்யூட் வேலை செய்யலைன்னா திரும்ப சால்டர் பண்ணி, டீம்ல சண்டை வந்தா ரெண்டு பக்கமும் பேசியிருப்பார். அடுத்த தடவை ஸ்லைடைப் பார்க்கும்போது ரெண்டாவது பேரையும் படிங்க. ரிவ்யூ முடிஞ்சதும் அவங்களுக்கு ஒரு டீ வாங்கிக் கொடுங்க.

'ஹரிதாஸ்' யூடியூப்ல கிடைக்குது. சனிக்கிழமை ராத்திரி ஃப்ரீயா இருந்தா பாருங்க. பாட்டெல்லாம் நீளமாத்தான் இருக்கும், பொறுமையா இருங்க. கிருஷ்ணனும் மதுரமும் வர்ற இடத்தில கொஞ்சம் நிமிர்ந்து உட்காருங்க. கேமரா முன்னாடி அப்படிச் சிரிச்சு விளையாடிட்டு இருக்கிற அந்த 26 வயசுப் பொண்ணுக்கு, சில மாசத்தில என்ன வரப்போகுதுன்னு அப்போ தெரியாது. நமக்குத் தெரியும்.